அருளானந்து கேஸ் பிரகாரம்

பலகையில் சிவப்பாக முப்பத்தொன்று எரிந்துகொண்டிருந்தது, தனுஷ்கோடியின் கேஸ் நாற்பத்தேழு. நடுவில் பதினைந்து கேஸ், பதினைந்துக்கும் வக்கீல், அந்த வக்கீல்களுக்கெல்லாம் வாய், எல்லாரும் பேசி ஓய்வதற்குள் ஜட்ஜு சாப்பாட்டுக்கு எழுந்துவிடுவாரோ என்று அவருக்கு அடித்துக்கொண்டது. எழுந்தால் என்ன, மத்தியானம் மறுபடி வந்து உட்காரத்தானே போகிறார். உட்கார்ந்து வேறு லிஸ்டைக் கையில் எடுத்துவிட்டால்? எடுத்துவிட்டால் போச்சு. நாளைக்குக் காலையில் பதினோரு மணிக்கு மெட்ராஸில் நாலு அதிகாரிகள் ஒரு மேசையைச் சுற்றி உட்கார்ந்து கண்காணிப்பாளர் பதவி உயர்வுப் பட்டியலில் கையெழுத்துப் போட்டுவிடுவார்கள், தனுஷ்கோடி பெயர் இல்லாமல். அடுத்த பட்டியல் அடுத்த வருஷம். அவர் ரிட்டயர் ஆக எட்டு மாசம். இன்றைக்கு இந்த ஹாலில் கிடைத்தால் உண்டு, இல்லாவிட்டால் உதவியாளராகவே மாலையைப் போட்டுக்கொண்டு வீட்டுக்குப் போக வேண்டியதுதான். மதுரைக் கிளை ஹைகோர்ட்டின் ஏசிக் காற்று நேராக அவர் பிடரியில்தான் விழுவேன் என்று விழுந்தது. ராமநாதபுரத்தில் வெயிலுக்கே பழகின உடம்பு, விறைத்தது. மடியில் ரெக்ஸின் பை, பைக்குள் மனைவி மரகதவல்லி கட்டிக்கொடுத்த புளிச்சோற்று டப்பா, கண்ணாடிக் கூடு, ஒரு பழுப்பு உறை. அந்த உறையில் விரல் பட்டபோதெல்லாம் சட்டென்று எடுத்துக்கொண்டார். மூன்று வாரமாக அது அவரிடம் இருக்கிறது, பிரிக்கவில்லை. உள்ளே இருப்பது கூட வேலை பார்க்கிற அருளானந்துவுக்குப் போன வருஷம் இதே ஹைகோர்ட் கொடுத்த ஆர்டர். எடுத்து நீட்டினால் ஒரு நிமிஷத்தில் வேலை முடிந்தது, அவருக்குக் கொடுத்ததை இவருக்கும் கொடு என்று சொல்லிவிட்டு ஜட்ஜு அடுத்த கேஸ் கட்டைப் புரட்டுவார். "இதே மாதிரி வேற யாருக்காவது ஆர்டர் ஆகியிருக்கா சார்?" என்று வக்கீலம்மா ரஹ்மத் நிஷா முதல் நாளே கேட்டார். எந்த வக்கீலும் முதலில் கேட்கிற கேள்வி. "இல்லைங்கம்மா" என்றார் தனுஷ்கோடி. முகத்தில் ஒரு சுருக்கம் விழவில்லை. இருபத்தஞ்சு வருஷம் சர்க்கார் காகிதத்தில் பொய் வராமல் டைப் அடித்த மனுஷன், வாயால் ஒரே ஒரு பொய் சொல்லி அதையும் தன் தலையிலேயே போட்டுக்கொண்டார்.

முப்பத்துமூன்று. என்னத்துக்கு அவன் காகிதம்? பொறாமையா, எனக்கா, அவன்மேல் பொறாமைப்பட என்ன இருக்கிறது, என்று தனக்குத்தானே கேட்டுக்கொண்டார், கேட்ட உடனேயே வயிற்றில் எரிந்தது, காலையில் குடித்த டீ என்று நினைத்துக்கொண்டார், டீ இல்லை. அந்த நாற்காலி. கண்காணிப்பாளருக்கான சுழல் நாற்காலி, முதுகில் வெள்ளைத் துண்டு, அதில் அருளானந்து சாய்ந்து உட்கார்ந்து அரை வட்டம் இந்தப் பக்கம், அரை வட்டம் அந்தப் பக்கம். "தனுசு, அந்தத் தபால் என்னாச்சுப்பா?" என்று கூப்பிடுவான், தன்மையாகத்தான் கூப்பிடுவான், அதுதான் பற்றிக்கொண்டு வரும், ஒரு நாளாவது அதிகாரமாகக் கூப்பிட்டுத் தொலைத்தால் திட்டவாவது வழி உண்டு. இரண்டு பேரும் தற்காலிகப் பணியில் டைப்பிஸ்டாகச் சேர்ந்தவர்கள். இரண்டு வருஷம் கழித்து நிரந்தரம் பண்ணினார்கள். அந்த இரண்டு வருஷம் கணக்கில் வராது என்று அரசாங்கம் ஓர் உத்தரவு போட்டுவிட்டது, பின்னால் வந்த சுண்டைக்காய்ப் பயல்களெல்லாம் பட்டியலில் மேலே ஏறி உட்கார்ந்தார்கள். அந்த உத்தரவை வரி வரியாகப் படித்து, இது முந்தின உத்தரவுக்கே விரோதம் என்று கண்டுபிடித்தது யார்? தனுஷ்கோடி. முதலில் துறைக்கு ஒரு விண்ணப்பம் கொடுக்காமல் கோர்ட்டுக்குப் போக முடியாது என்று விசாரித்து வந்தது யார்? தனுஷ்கோடி. உட்கார்ந்து ராப்பகலாக ஏழு பாராவில் விண்ணப்பம் எழுதினது யார்? கேட்கவே வேண்டாம். கொடுத்துவிட்டு, பதில் வரட்டும், இன்னும் ஒரு பாயிண்ட் சேர்த்துப் பலமாகப் போவோம் என்று இவர் திருத்திக்கொண்டே இருந்தபோது, அவன் ஒரு புதன்கிழமை காதுவலி என்று லீவு எழுதிக் கொடுத்துவிட்டு மதுரைக்குப் பஸ் ஏறிவிட்டான். காதுவலியாம்! மறுநாள் வந்து, "நேத்தைக்குப் போட்டுட்டேன் தனுசு, நீயும் போட்டுரு" என்றான், பஸ்ஸில் துண்டு போட்டு இடம் பிடித்தவன் மாதிரி. போட்டிருக்கலாம். அவன் பின்னால் போகணுமா என்று இருந்துவிட்டார். ஆறு மாசத்தில் அவனுக்கு ஆர்டர் வந்தது. அரசாங்கமும் கோர்ட்டுக்குப் போனவனுக்கு மட்டும் கொடுத்துவிட்டு மற்றவர்களைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. அதுகூடப் பரவாயில்லை. சங்கத்துப் பத்திரிகையில் அவன் போட்டோவைப் போட்டு, அதற்கு ஒரு பெயரும் வைத்தார்களே, அதைத்தான் தாங்க முடியவில்லை. அருளானந்து கேஸ். ஜில்லா ஜில்லாவாக அதுதான் பேச்சு. 'அருளானந்து கேஸ் பிரகாரம் பரிசீலிக்க வேண்டுகிறேன்' என்று முன்பின் தெரியாதவனெல்லாம் எழுதுகிறான், அதைப் பதிவேட்டில் ஏற்றுவது தனுஷ்கோடியின் சீட்டு வேலை. தேனியிலிருந்து ஒருத்தன் போன் பண்ணி, "சார், அருளானந்து கேஸ் காப்பி உங்க ஆபீஸ்ல கிடைக்குமா?" என்று அவரிடமே கேட்டான். ராங் நம்பர் என்று வைத்துவிட்டார்.

முப்பத்தாறு, முப்பத்தேழு, என்ன இது, திடீரென்று குதிக்கிறது. வக்கீலம்மா முன்வரிசையில் கட்டைப் பிரித்து எதையோ பென்சிலால் கோடு போட்டுக்கொண்டிருந்தார். நல்ல பிள்ளை. அந்த முந்தின உத்தரவைச் சொல்லி ஜட்ஜை மடக்கப்போகிறார், அரசாங்க வக்கீல் முழிக்கப்போகிறார், ஆஹா, இது புதுப் பாயிண்டாக இருக்கிறதே என்று ஜட்ஜு கண்ணாடியைக் கழற்றப்போகிறார், நாளைக்கே சங்கத்துப் பத்திரிகையில், தனுஷ்கோடி கேஸ். நாலு தடவை மனசுக்குள் சொல்லிப் பார்த்தார். அருளானந்து கேஸைவிட நன்றாகத்தான் இருந்தது. "ஏங்க, அவரே தேடி வந்து காப்பி குடுத்துட்டுப் போயிருக்காரு, அதை வச்சு முடிக்காம என்ன வீம்பு உங்களுக்கு?" என்றாள் மரகதவல்லி நேற்று. வீம்பாம். அவளுக்கு என்ன தெரியும். அவன் இவர் வீட்டு வாசலில் செருப்பைக்கூடக் கழற்றாமல் உறையை நீட்டி, "இதை வக்கீல்கிட்ட குடு, மறந்துறாத" என்று சொன்னபோது அவன் முகத்தில் ஒரு பிரியம் இருந்தது, அந்தப் பிரியத்தைப் பார்த்ததும் இவருக்குப் பல்லைக் கடிக்கத் தோன்றியது. எனக்கு நீ கொடுக்கிறாயா, நான் உனக்கு சீனியர்டா. ஆமாம், சீனியர். யார் என்ன நாற்காலியில் சுற்றினாலும் அதை மாற்ற முடியாது. ஒரே நாள்தான் சேர்ந்தார்கள், தொண்ணூற்றொன்பது ஜூன் பதினாலு, திங்கட்கிழமை. ஆனால் தனுஷ்கோடி முற்பகல். அருளானந்து பிற்பகல். சர்க்கார் ஆபீஸில் வேலைக்குச் சேருகிறபோது முற்பகலா பிற்பகலா என்று எழுதி வாங்குவார்கள், அந்த ஒரு வார்த்தை பணிப்பதிவேட்டில் உட்கார்ந்தால் சாகிற வரைக்கும் எழுந்திருக்காது. அரை நாள். இருபத்தஞ்சு வருஷமாக அந்த அரை நாளை அவர் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு திரிந்தார். யார் பேச்செடுத்தாலும், "அருளா? அவன் மத்தியானச் சோத்துக்கு அப்புறம் வந்து சேர்ந்தவன்ல" என்பார், சிரித்துக்கொண்டே சொல்வார், அருளானந்துவும் கூடச் சேர்ந்து சிரிப்பான். ஏன் மத்தியானம் வந்தான் என்று யாரும் கேட்டதில்லை. யாரும் கேட்காதது நல்லதாகப் போயிற்று. ஏன் நல்லதாகப் போயிற்று? சரி விடு, பலகையைப் பார், நாற்பது.

நாற்பதாவது ஒரு பென்ஷன் கேஸ். கிழவி ஒருத்தி அவருக்கு இரண்டு இடம் தள்ளி உட்கார்ந்திருந்தவள் எழுந்து நின்றுகொண்டாள். அவளுடைய வக்கீல் இரண்டு தாளை மேலே நீட்டினார், இதே மாதிரி ஏற்கெனவே ஆர்டர் இருக்கிறது மை லார்ட் என்றார், ஜட்ஜு ஒரு பார்வை பார்த்தார், அதன்படியே கொடுங்கள் என்றார், முடிந்தது. நின்ற கிழவி உட்காரக்கூட இல்லை. "முடிஞ்சிருச்சாய்யா?" என்று தனுஷ்கோடியைக் கேட்டாள். முடிஞ்சிருச்சு, போங்க என்றார். யாரோ ஒருத்தர் பெயரால் அவளுக்குப் பென்ஷன் வந்துவிட்டது, அந்த யாரோ யார் என்று அவள் கேட்கவும் இல்லை, சேலைத் தலைப்பால் மூக்கைத் துடைத்துக்கொண்டு போய்விட்டாள். அடுத்தது நாற்பத்தொன்று. வக்கீல் அரை மணி நேரம் பேசலாம் என்று தொண்டையைச் செருமினார், அரசாங்க வக்கீல் பதில் மனுவுக்கு நாலு வாரம் கேட்டார், நாலு வாரம் என்றார் ஜட்ஜு, அதுவும் முடிந்தது. நாற்பத்திரண்டு, நாலு வாரம். நாற்பத்துமூன்று, நாலு வாரம். புதுப் பாயிண்டாவது, கண்ணாடியைக் கழற்றுவதாவது, இங்கே பேசவே விட மாட்டார்கள் போலிருக்கிறதே. நாலு வாரம் கழித்து ஜெயித்து என்ன செய்ய, நாளைக்குப் பதினோரு மணிக்கு மேசை. கை தானாகப் பைக்குள் போயிற்று. பார்த்துவைப்போம், பார்ப்பதில் என்ன, கொடுக்கவா போகிறோம். உறையைக் கிழித்தார், சத்தம் வந்தது, பக்கத்திலிருந்தவர் முறைத்தார். மூன்று தாள். மேலே அவன் பெயர் தடி எழுத்தில், அருளானந்து, த.பெ. சவரிமுத்து, அவன் அப்பன் பெயர்கூட ஹைகோர்ட் காகிதத்தில் ஏறிவிட்டது. இரண்டாம் பாரா. மனுதாரர் 14.06.1999 அன்று முற்பகலில் பணியில் சேர்ந்தார் என்று இங்கிலீஷில் இருந்தது. கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு மறுபடி படித்தார். முற்பகலேதான். திருட்டுப் பயல்! நாற்காலி போதாது, பெயர் போதாது, போட்டோ போதாது, இருந்த ஒரே ஒரு அரை நாளையும் அடித்துக்கொண்டு போய்விட்டானா, அதுவும் ஹைகோர்ட் முத்திரையோடு. காது இரண்டும் ஜிவ்வென்றது. எழுந்து நின்று கத்தலாமா என்று இருந்தது, இது பொய், இவன் சோத்துக்கு அப்புறம் வந்தவன் என்று. அரசாங்க வக்கீல் காதில் ஒரு வார்த்தை போட்டால் போதும், பொய்த் தகவல் கொடுத்து வாங்கின ஆர்டர் என்று திருப்பி எடுத்துப் போட்டுவிடுவார்கள், துண்டோடு நாற்காலியை விட்டு இறங்குவான். இறங்கட்டும். சுற்றிச் சுற்றி உட்கார்ந்தானே, இறங்கட்டும். அந்த நினைப்பு எத்தனை இனிப்பாக இருந்தது என்று அவருக்கே பயமாகப் போயிற்று.

இனிப்பு நாக்கில் நிற்கவில்லை. அந்த வரி எங்கேயோ பார்த்த வரி. அடுத்த வரியும், 'அன்று முதல் ஒரு நாளும் இடைவெளியின்றி', அதுவும் தெரிந்த வரி, அட, இது நம்முடைய இரண்டாம் பாரா அல்லவா, அப்படியே இங்கிலீஷில் போட்டிருக்கிறார்கள். ஏழு பாராவும் கிடக்கிறது. தன் வாக்கியங்கள் கோட்டுப் போட்டுக்கொண்டு நிற்பதை ஒரு கணம் வாயைப் பிளந்து பார்த்தார். காப்பியடித்தான், அடித்தவன் நேரத்தைக்கூட மாற்றாமல், என்று ஆரம்பித்த மனசு அங்கேயே தட்டி நின்றது. காப்பியடித்தது யார்? அன்றைக்குச் சாயங்காலம் ஆபீஸில் எல்லாரும் போன பிறகு அருளானந்து ஸ்டூலை இழுத்துப் போட்டுக்கொண்டு, "என் பேருக்கும் ஒண்ணு அடிச்சுக் குடுத்துரு தனுசு, உன் கை மாதிரி என் கைக்கு வராது" என்று உட்கார்ந்திருந்தான். தனுஷ்கோடிதான் அடித்தார். தன்னுடையதைத் திறந்து பெயரை மாற்றினார், தகப்பனார் பெயரை மாற்றினார், கதவு எண்ணை மாற்றினார். தேதி ஒன்றுதானே என்று அந்த வரியைத் தாண்டிப் போனார். முற்பகல் அங்கேயே இருந்துவிட்டது. டைப் அடிக்கிறவர்கள் எல்லாரும் பண்ணுகிற தப்பு, அவர் பண்ணாத தப்பு, பண்ணிவிட்டார். அவன் படித்துக்கூடப் பார்க்கவில்லை, நீ அடிச்சா சரியாத்தான் இருக்கும் என்று கையெழுத்தைப் போட்டான். ஆகத் திருடன் யாரும் இல்லை. இது இன்னும் மோசமாக இருந்தது, ஏசுவதற்கு ஆள் இல்லாமல் நெஞ்சு மட்டும் எரிந்துகொண்டிருந்தது. நாற்பத்தைந்து. சரி, நானே அடித்தேன், நானே கொடுத்தேன், ஆனாலும் அது என்னுடையதுதானே, அந்த முற்பகல் என்னுடையது. என்னுடையதா? இப்போது அந்தத் திங்கட்கிழமை வந்தது, வராதே வராதே என்று இருபத்தஞ்சு வருஷமாகத் தள்ளிவைத்திருந்தது. மறந்துவிட்டார் என்று சொன்னால் பொய், நினைக்காமல் பார்த்துக்கொண்டார். காலையில் பத்து மணிக்கு இரண்டு பேரும் ஆபீஸ் வாசலில் இருந்தார்கள். இரண்டு பேரும். அருளானந்துவின் சான்றிதழ் நகல்களில் பச்சை மையில் அதிகாரி கையெழுத்து இருந்தது, தனுஷ்கோடியின் நகல்களில் இல்லை, வாங்க வேண்டும் என்றே அவருக்குத் தெரியாது. பச்சைக் கையெழுத்து இல்லாம சேர்க்க முடியாது என்று கிளார்க் தள்ளிவிட்டார். தனுஷ்கோடிக்கு அழுகையே வந்துவிட்டது. அதுவரைக்கும் முகம்கூடத் தெரியாத ஒருத்தன், "நீ வெளியூரு, யாரைப் போயிப் பிடிப்ப, குடு இங்க, எங்க சர்ச்சுக்குப் பக்கத்துல ஒரு கவர்மெண்ட் டாக்டர் இருக்காரு" என்று காகிதங்களைப் பிடுங்கிக்கொண்டு சைக்கிளில் ஏறினான். டாக்டர் வார்டில் இருந்தாராம், காத்துக் கிடந்து வாங்கிக்கொண்டு அவன் திரும்பி வந்தபோது மணி ஒன்று அடிக்கப் பத்து நிமிஷம், சட்டை முதுகோடு ஒட்டிக் கிடந்தது. சாப்பாட்டு நேரமாச்சு, ஒருத்தர் மட்டும் குடுங்க, இன்னொருத்தர் அப்புறம் என்றார் கிளார்க். அவனுடைய காகிதம் காலையிலிருந்து தயாராக அவன் கையிலேயே இருந்தது. "நீ குடு, நீ பசியோட பஸ்ல வந்தவன்" என்று இவரைத் தோளைப் பிடித்து முன்னால் தள்ளினான்.

நாற்பத்தேழு. கூப்பிட்டுவிட்டார்கள். வக்கீலம்மா எழுந்தார், இரண்டு வாக்கியம் பேசியிருக்க மாட்டார், அரசாங்க வக்கீல் உட்கார்ந்தபடியே பாதி எழுந்து, "பதில் மனு போட நாலு வாரம் வேணும் மை லார்ட்" என்றார். "நாளைக்குப் பட்டியல் முடியுது மை லார்ட்" என்றார் வக்கீலம்மா. "நாளைக்குப் பட்டியல்னா இன்னைக்கு வந்தா எப்படிம்மா?" என்றார் ஜட்ஜு, பேனாவை எடுத்துவிட்டார். தனுஷ்கோடிக்குத் தான் எழுந்தது தெரியாது. டப்பா உருண்டு டமார் என்று கீழே விழுந்தது, ஹாலே திரும்பிப் பார்த்தது, புளிச்சோற்று வாசனை வேறு. மூன்று தாளையும் ஆள் ஆளாகக் கை மாற்றி முன்வரிசைக்கு அனுப்பினார். வக்கீலம்மா முதல் தாளைப் பார்த்தார், திரும்பி இவரை ஒரு பார்வை பார்த்தார், அந்தப் பார்வைக்கு அப்புறம் பதில் சொல்லிக்கொள்ளலாம். "மை லார்ட், இதே துறை, இதே உத்தரவு, போன வருஷமே இந்தக் கோர்ட்டில் ஆர்டர் ஆகியிருக்கு" என்று மேலே நீட்டினார். ஜட்ஜு படித்தார். நிதானமாகப் படித்தார், இரண்டாம் பாராவில் நின்றார், நின்றதாகத் தனுஷ்கோடிக்குத் தோன்றியது. நிமிர்ந்து வக்கீலைப் பார்க்காமல் நேராகப் பின்வரிசையைப் பார்த்தார். "பெரியவரே, நீங்கதான் மனுதாரரா? இந்த அருளானந்துவும் நீங்களும் ஒண்ணா சேர்ந்தவங்களா? ஒரே நாள், ஒரே நேரம்?" அரசாங்க வக்கீல் தலையைத் தூக்கிப் பார்த்தார். வித்தியாசம் ஒன்று கிடைத்தால் போதும், நாலு வாரம் அவருக்கு. தனுஷ்கோடியின் நாக்கு நுனியில் அது இருந்தது, இருபத்தஞ்சு வருஷம் சொல்லிப் பழகின வாக்கியம், சோத்துக்கு அப்புறம் வந்தவன் ஐயா அவன், தானாக வெளியே வரப் பார்த்தது. வாயை இறுக்கி விழுங்கினார். "ஆமாங்கய்யா" என்றார். குரல் கம்மிவிட்டது, ஜட்ஜுக்குக் கேட்டிருக்காது என்று இன்னொரு தரம் சொன்னார், "ரெண்டு பேரும் ஒண்ணாத்தான்யா சேந்தோம். காலைல." ஜட்ஜு பேனாவைத் திறந்தார். அந்த ஆர்டரின்படியே இவருக்கும், இந்தப் பட்டியலிலேயே பெயர் சேர்க்கவும், என்று இங்கிலீஷில் நாலு வரி சொன்னார். அதில் தனுஷ்கோடி என்ற பெயர் ஒரு தடவையும் அருளானந்து என்ற பெயர் இரண்டு தடவையும் வந்ததை அவர் எண்ணிக்கொண்டுதான் நின்றார். நாற்பத்தெட்டு எரிந்தது.

வெளியே வராந்தாவில் வெயில் இதமாக இருந்தது, எதிரே யானைமலை அசையாமல் கிடந்தது. "சார், உங்களை என்ன சொல்றதுன்னே தெரியலை, இதை முதல்லயே குடுக்கிறதுக்கென்ன?" என்று வக்கீலம்மா படபடத்தார். "மறந்துட்டேன்மா" என்றார், மூன்றாவது பொய். இரண்டாவதை உள்ளேயே ஜட்ஜிடம் சொல்லியாயிற்று. அது மட்டும் பொய் மாதிரியே இல்லை. அந்த அரை நாள் இருந்த இடத்தில் சட்டைப்பைக்குள் கையை விட்டுப் பார்க்கிற மாதிரி மனசு ஒரு தரம் தடவிப் பார்த்துக்கொண்டது. காலி. சந்தோஷமாக இருக்க வேண்டுமே, ஜெயித்துவிட்டோமே, எனக்கும் வருமே சுழல் நாற்காலி, எட்டு மாசம் சுற்றலாமே என்று பார்த்தார், சந்தோஷம் வந்தது, வந்தாலும் கூடவே, அவன் நாற்காலியைவிடப் பழசாகக் கொடுப்பார்களோ என்ற நினைப்பும் வந்தது. போகாது போலிருக்கிறது, அது உடம்போடு பிறந்தது. கோர்ட்டுக்காக அணைத்து வைத்திருந்த போனை முடுக்கினார். முடுக்கியதுமே அடித்தது, திரையில் அவன் பெயர். எத்தனை தடவை அடித்துப் பார்த்தானோ. ஒரு தடவை மணி அடித்தது, இரண்டு தடவை அடித்தது. எடுக்காமல் விட்டால் என்ன, வீட்டில் போய்ச் சொல்லிக்கொள்ளலாம். மூன்றாவதில் எடுத்தார். "தனுசு, என்னாச்சுப்பா? சாப்பிட்டியா இல்லையா?" என்றான் அவன், சைக்கிளை விட்டு இப்போதுதான் இறங்கினவன் மாதிரி மூச்சு வாங்கிக்கொண்டு. தனுஷ்கோடி தூணில் கையை ஊன்றிக்கொண்டார். எந்தக் காகிதத்திலும் தன் கையால் எழுத மாட்டேன், வாயால் சொல்ல மாட்டேன் என்று ஒரு வருஷமாக வைத்திருந்த வார்த்தையை, ஒவ்வொன்றாகப் பிய்த்து எடுத்துச் சொன்னார்.

"குடுத்துட்டாங்க அருளு. அருளானந்து கேஸ் பிரகாரம்."